சை என்று எழுதிய குச்சிகள்

சாப்ஸ்டிக் என்பது தமிழ்ச் சொல் என்று பெரியண்ணன் ஐயா சொன்னபோது அவருடைய அரிசி ஆலையில் இரண்டு இயந்திரங்கள் ஓடிக்கொண்டிருந்தன. எனக்குத்தான் சரியாகக் கேட்கவில்லை என்று நினைத்துக்கொண்டேன். அவர் இன்னும் உரக்கச் சொன்னார்.

"ஏனுங் சுந்தரம், சாப்பிடறதுதானுங்களே சாப்பு? சாப்பிடு குச்சி. வெள்ளக்காரன் குச்சிய ஸ்டிக்குன்னு மாத்திப் போட்டான். சாப்ப மாத்த முடியல. அவ்வளவுதானுங்க விசயம்."

முப்பத்தோரு வருடம் ஈரோட்டில் ஓர் அச்சகத்தில் பிழை திருத்தியவன் நான். பிழையைக் கண்டால் கை தானாகப் பேனாவைத் தேடும். அன்று கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன். காரணம் என்னுடைய சமையல் சொல்லகராதி. பதினெட்டு வருடமாக நான் சேர்த்த அடுப்படிச் சொற்களெல்லாம் ஒரு டிரங்குப் பெட்டியில் கிடக்கின்றன. பதிப்பாளர்கள் அதைத் தூக்கிப் பார்த்தார்கள். ஒருவரும் திறந்து பார்க்கவில்லை. பெரியண்ணன் ஐயா மட்டும்தான் "நான் போடறேனுங்க" என்றார். ஆலைக்குப் பக்கத்தில் அவருக்குச் சொந்தமாக ஓர் அச்சகம் இருக்கிறது. ஓர் ஆய்வு மன்றமும் இருக்கிறது. அதன் தலைவர், செயலாளர், முதன்மை ஆய்வாளர் மூவரும் அவரே என்பதால் கூட்டங்களில் கருத்து வேறுபாடு வந்ததில்லை.

அந்த மன்றத்தின் மாநாட்டில் "குச்சியின் தாயகம் கொங்கு நாடு" என்று அவர் உரையாற்றப் போவதாக நோட்டீஸ் அடித்தாகிவிட்டது. ஆதாரம் மட்டும்தான் பாக்கி. அந்த நேரம் பார்த்து மன்றத்தின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் வந்தது. ரங்கூனிலிருந்து மா சூ என்ற தமிழ்ப் பெண் அனுப்பியிருந்தாள். பழுப்பேறிய ஒரு ஜோடி மூங்கில் குச்சி. ஒவ்வொன்றின் தலைமாட்டிலும் சூட்டுக்கோலால் பொறித்தது போல ஒரே ஓர் எழுத்து: சை.

"தமிழெழுத்துங்க! குச்சியில!" ஐயா போனை என்னிடம் நீட்டினார். "நீங்க நேர்ல போய்ப் பாத்து, இது தமிழனுதுதான்னு ஒரு சான்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, முடிஞ்சா அந்தக் குச்சியவும் கொண்டாந்துருங்க. நீங்க வந்த மறு வாரம் உங்க அகராதி மிசின்ல ஏறுது."

கிளம்புவதற்கு முன் ஒரு மாதம் தயாரானேன். குச்சி பற்றிக் கிடைத்த கதைகளையெல்லாம் படித்தேன். யானைத் தந்தத்தில் குச்சி செய்யச் சொன்னான் ஒரு சீன அரசன். அதைப் பார்த்த அமைச்சர், குச்சி தந்தமானால் கிண்ணம் மாணிக்கமாகும், அப்புறம் அரண்மனையே மாறும், நாடு தாங்காது என்று நடுங்கினாராம். வெள்ளிக் குச்சி விஷத்தைக் காட்டிக்கொடுக்கும் என்று நம்பினார்கள். குச்சியின் பழைய பெயர் "நில்" என்று சொல்வதுபோல ஒலித்ததால் படகுக்காரர்கள் பயந்துபோய் "வேகம்" என்று ஒலிக்கும் வேறு பெயரை வைத்துக்கொண்டார்கள். இதோடு செய்முறைப் பயிற்சியும் உண்டு. தினமும் காலையில் இரண்டு பென்சிலால் சந்தகை, அதாவது எங்கள் பக்கத்துச் சேவை, சாப்பிட்டேன். "கையில எடுத்துத் தின்னா நாலு நிமிசம். நீங்க முடிக்கறதுக்குள்ள மத்தியானச் சோறு ஆறிப்போயிருது" என்றாள் என் மனைவி.

ஞாயிற்றுக்கிழமை ரங்கூன் விமான நிலையத்தில் மா சூ நின்றிருந்தாள். முப்பது வயதிருக்கும். செல்போன் கடையில் வேலை. கன்னத்தில் தனக்கா மரப்பட்டைப் பூச்சு, நெற்றியில் குங்குமம். தமிழ் எல்லாம் புரிகிறது. பேசும்போது மட்டும் ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்து வைக்கிறாள். என்னை "ஊலே" என்றாள். பர்மியத்தில் சித்தப்பா முறை. வந்த ஐந்து நிமிடத்தில் உறவுக்காரனாகிவிட்டேன்.

இங்கே டாக்ஸி சாலையின் வலப்பக்கம் ஓடுகிறது. ஸ்டியரிங்கும் வலப்பக்கமே இருக்கிறது. ஆக, முந்திச் செல்லும்போது எதிரே வருவது டிரைவருக்குத் தெரியாது. இடப்பக்கம் உட்கார்ந்திருந்த எனக்கு நன்றாகத் தெரிந்தது. அலோன் போய்ச் சேரும்வரை அவருக்குப் பதிலாக நான் பயந்துகொண்டு வந்தேன்.

மா சூவின் அத்தை நாகம்மாள் வீடு அலோனில், படகுத்துறைக் கிடங்குகளுக்குப் பின்னால், நான்காவது மாடியில். அவருக்கு அறுபத்து நான்கு வயது. பர்மியப் பெயர் டா நூ. டா என்பது மூத்த பெண்களுக்கான மரியாதை, ஆண்களுக்கு ஊ; சமவயதுத் தோழிகள் மா என்பார்கள். க்யிம்யிண்டைங் சந்தையில் மிளகாய், மசாலாக் கடை வைத்திருக்கிறார். வெண்கலக் குரல். முழுக் கட்டடமும் மின்சாரத்துக்காகக் காத்திருந்தது. எந்த நேரம் வரும், எந்த நேரம் போகும் என்பதை நாகம்மாள் பஞ்சாங்கம் போலச் சொன்னார்.

"குந்துங்க, ஊ சுந்தரம். தமிங் தின்னுட்டுப் பேசலாம்."

தமிங் என்றால் சோறு. தட்டு வந்தது. மீன் குழம்பு, பச்சைக் காய்கள், ஒரு கிண்ணம் புளிப்புச் சாறு. நான் பையிலிருந்து என் சொந்தக் குச்சிகளை எடுத்துச் சட்டையில் துடைத்துக்கொண்டு, ஒரு மாதப் பயிற்சியின் பெருமையோடு நிமிர்ந்தேன். அத்தையும் மருமகளும் சோற்றில் கை வைத்துப் பிசைந்துகொண்டிருந்தார்கள்.

"அது எதுக்கு?" என்றார் நாகம்மாள்.

"நீங்கள் இதில்தானே..."

"சோத்தக் குச்சியிலயா? பர்மாக்காரன் எவன் சோத்தக் குச்சியில தின்னுறான்? கையி இல்லியா? காவ்ஸ்வேக்குத்தான் குச்சி. அதுவும் சாறுல போட்டாத்தான்."

காவ்ஸ்வே என்றால் நூடுல்ஸ். நான் குச்சிகளை மெல்லப் பைக்குள் வைத்தேன். மீன் குழம்பு நன்றாக இருந்தது. சாப்பிட்டு முடித்ததும் நாகம்மாள் பூஜை அலமாரிப் பக்கமிருந்து அந்தப் புகழ்பெற்ற ஜோடியை எடுத்து வந்தார். கையில் வாங்கும்போது எனக்குக் கொஞ்சம் சிலிர்த்தது, பொய் சொல்வானேன். எழுத்து சந்தேகமில்லாமல் சைதான்.

"இது தேஞ்சு போச்சுன்னு நான் வீட்டுக்கு எடுத்தாந்தது. எங்க எதிர்க் கடையில ஒரு டப்பா நெறைய இருக்கு. நாளைக்கு வாங்க, காட்டுறேன்."

இதை ஐயாவுக்கு எழுதினேன். "டப்பா நெறையவா!!!" என்று பதில் வந்தது. ஆச்சரியக்குறி ஒன்றே போதும் என்று திருத்தத் தோன்றியது. செய்யவில்லை.

திங்கட்கிழமை க்யிம்யிண்டைங் போனோம். அந்தப் பெயரை நான் சரியாகச் சொல்லி முடிப்பதற்குள் வண்டி ஊரைத் தாண்டிவிடும் என்பதால் வழி சொல்வதை மா சூவிடமே விட்டேன். சந்தை ஆற்றோரம் வரை நீள்கிறது. நாகம்மாளின் மிளகாய் மூட்டைகளுக்கு நேரெதிரே டா எய் என்ற சீனப் பெண்மணியின் நூடுல்ஸ் கடை. அவருக்கும் அறுபதுக்கு மேல். ஒல்லியான உடம்பு, ஏப்ரன், வாயில் எப்போதும் ஒரு கேலி. அவருடைய தாத்தா காலத்திலிருந்தே அந்தக் கடை அங்கேதான். பிளாஸ்டிக் முக்காலிகள் நம் ஊர்ப் பால்வாடிக் குழந்தைகளுக்கானவை போல இருந்தன. என் முழங்கால் என் மோவாயைத் தொட்டது.

நாகம்மாள் உட்கார்ந்ததும் உள்ளே பார்த்துத் "தூ!" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. யாரும் கோபப்படவில்லை. பர்மியத்தில் குச்சிக்குப் பெயரே தூதான் என்று மா சூ விளக்கினாள். டா எய் சிரித்துக்கொண்டே இரண்டு தகர டப்பாக்களைக் கொண்டு வந்து வைத்தார். ஒன்றில் சும்மா குச்சிகள். மற்றொன்றில் இருந்த ஒவ்வொன்றிலும் சை. தூ என்று கேட்டால் சை என்று கிடைக்கிற ஒரு பொருளை உலகில் வேறெங்கும் நான் பார்த்ததில்லை.

கதை மிக எளிமையானது. அந்தக் காலத்துத் துறைமுகத் தமிழர்கள் செவ்வாய், வெள்ளி, விரத மாதம் என்றால் கவிச்சி தொட மாட்டார்கள். ஆனால் டா எய்யின் தாத்தா போடும் நூடுல்ஸ் மீது ஆசை விடவில்லை. அவர் தனிச் சட்டியில் தோஃபுவும் முளைப்பயறும் போட்டுக் கொடுத்தார். சட்டி சரி, குச்சி? பன்றிக்கறியைத் தொட்ட குச்சியில் விரதக்காரன் எப்படிச் சாப்பிடுவான்? குச்சிகளுக்கு அடையாளம் போட்டுத் தனி டப்பாவில் வைத்தார்கள்.

"சைவம்னு எழுதத்தான் எங்க சின்ன தாத்தா கம்பியக் காய்ச்சினாரு" என்றார் நாகம்மாள். "மொத எழுத்துலயே வெரலு பொசுங்கிப் போச்சு. இது போதும்னு விட்டுட்டாரு."

மா சூ இதை மொழிபெயர்த்ததும் டா எய் கையை ஆட்டினார். அவர் சொன்னதை மா சூ எனக்குத் தமிழில் சொன்னாள்: "சை எங்க வார்த்தை. எங்க ஹொக்கியன் சீனப் பேச்சில் காய்கறிச் சாப்பாட்டுக்குச் சை என்றுதான் சொல்வோம். தமிழர்களுக்குப் புரியட்டும் என்று எங்க தாத்தாதான் தமிழில் எழுதச் சொன்னார்."

"எழுதுனது யாரு?" என்றார் நாகம்மாள்.

"எழுதச் சொன்னது யாரு?" என்றார் டா எய்.

இரண்டு பேரும் சிரித்தார்கள். நாற்பது வருடமாக எதிரெதிரே கடை வைத்திருப்பவர்கள். இந்தக் கேள்வி அவர்களுக்கு வந்ததே இல்லையாம். நான் என் படிப்பைக் காட்டிக்கொள்ள, படகுக்காரர்கள் குச்சியின் பெயரை மாற்றிய கதையைச் சொன்னேன். "அது வேற ஊர் படகுக்காரங்க. எங்க ஆட்கள் எதுக்கும் பயந்து பேரை மாத்தல" என்று டா எய் அந்தக் கதையை ஈ விரட்டுவது போல விரட்டிவிட்டார்.

அத்தோடு எழுந்து வந்திருந்தால் இந்தக் கட்டுரை இங்கேயே முடிந்திருக்கும். அந்த நேரம் பார்த்துப் பெரியண்ணன் ஐயா வீடியோவில் கூப்பிட்டார். கேட்ட கதையை அப்படியே சொன்னேன்.

"அந்தம்மாகிட்டக் காட்டுங்க போன" என்றார். காட்டினேன். ஐயா கைகூப்பினார். டா எய்யும் தலை குனிந்து வணங்கினார். அதற்குப் பிறகு ஐயா மேடையில் பேசுவதுபோலப் பேசத் தொடங்கினார். "குச்சியில சாப்பிடக் கத்துக் குடுத்ததே தமிழன்தானுங்க. அந்த நன்றிக்குத்தான் உங்க தாத்தா நம்ம எழுத்தப் பொறிச்சு வெச்சுருக்காரு. இத நீங்க ஒத்துக்கோணும். அந்த டப்பாவ எங்க மாநாட்டுக் கண்காட்சிக்குக் குடுத்துருங்க. உங்க கடைக்கு ஒரு பொன்னாடை அனுப்பறோம்."

மா சூ தயங்கித் தயங்கி மொழிபெயர்த்தாள். பாதியைத்தான் சொல்லியிருப்பாள் என்று நினைக்கிறேன். அந்தப் பாதியே போதுமாக இருந்தது. டா எய்யின் முகத்திலிருந்து சிரிப்பு போனது. அந்த வேளையில் நாகம்மாளாவது சும்மா இருந்திருக்கலாம். வீடியோவில் ஒரு பெரிய மனிதர் தன் சின்ன தாத்தாவைத் தூக்கி நிறுத்துகிறார் என்ற பெருமையில், "நம்ம எழுத்துதானே மா எய்! அது நம்மளுதுதானே!" என்றார்.

டா எய் சை டப்பாவைத் தூக்கி ஒரு பிளாஸ்டிக் பையில் மொத்தமாகக் கவிழ்த்தார். பையை நாகம்மாள் மடியில் வைத்தார். ஒன்றே ஒன்று சொன்னார். மா சூ அதைச் சொல்ல மறுத்தாள். நான் வற்புறுத்தினேன்.

"எழுத்து உங்களுது, எடுத்துட்டுப் போங்க. நூடுல்ஸ் எங்களுது."

நாகம்மாள் எழுந்து தெருவைக் கடந்து தன் கடையில் போய் உட்கார்ந்தார். பை என் கைக்கு வந்தது. போனில் ஐயா, "குடுத்துட்டாங்களா? ஒரே பேச்சுல குடுத்துட்டாங்களா! பெருந்தன்மைக்காரங்க!" என்று நெகிழ்ந்துகொண்டிருந்தார்.

மறுநாள் செவ்வாய். நாகம்மாள் கடையில் ஒரு மூலையில் நான் உட்கார்ந்திருந்தேன். பதினோரு மணிக்கு விரதக்காரர்கள் வரத் தொடங்கினார்கள். கிடங்குக் கணக்கர் ஒருவர், ஒரு தையல்காரர், பள்ளியில் வேலை பார்க்கும் இரண்டு பெண்கள். டா எய் கடையில் போய் நின்று டப்பாவைத் தேடினார்கள். இல்லை என்று அவர் தலையாட்டினார். அவர்கள் சந்தையைச் சுற்றிப் பார்த்துவிட்டு வாழைப்பழம் வாங்கிக்கொண்டு போனார்கள். தனிச் சட்டியில் கொதித்த சாறு அப்படியே இருந்தது. இந்தப் பக்கம் நாகம்மாள் சம்புடத்தில் கொண்டு வந்திருந்த தயிர்ச் சோற்றைத் திறந்து பார்த்து, மூடி வைத்தார். மிளகாய் வாங்க வந்தவர்களிடம் எரிந்து விழுந்தார். எதிர்ப்பக்கம் மட்டும் பார்க்கவே இல்லை. பார்க்காமல் இருப்பதற்கு அவர் பட்ட பாட்டில் எனக்கே கழுத்து வலித்தது.

ஐயாவிடமிருந்து செய்தி: "அகராதி முதல் நாற்பது பக்கம் டைப்புக்குக் கொடுத்தாச்சு. சான்று எங்கே?"

பதினெட்டு வருடம் காத்திருந்த செய்தி. அப்போதே ஒரு காகிதம் எடுத்து, "நேரில் ஆராய்ந்ததில் இக்குச்சிகள் ஐயத்துக்கிடமின்றி" என்று தொடங்கிவிட்டேன். நல்ல வாக்கியம். ஒற்று, சந்தி எல்லாம் சரியாக இருந்தது.

வீடு திரும்பும்போது படியில் மா சூ நின்றுவிட்டாள். பால்கனியிலிருந்து தெருவரைக்கும் ஒரு கயிறு தொங்கிக்கொண்டிருந்தது. நுனியில் ஒரு கிளிப். ரங்கூனில் மாடி வீடுகளுக்கெல்லாம் அப்படி ஒன்று உண்டு. தினசரித்தாள், பால், ரசீது எல்லாம் அதில்தான் ஏறும்.

"ஊலே, இந்தக் கயிறு தெரியுதா? கொரோனா மாசம் நாங்க ரெண்டு பேரும் படுத்துட்டோம். யாரும் கிட்ட வரல. டா எய் தினம் வந்தாங்க. கீழ நின்னு இதுல பை கட்டி விடுவாங்க. வெள்ளிக்கிழமை மட்டும் தனிச் சாறு, தனித் தூ. அத்தைக்குக் காய்ச்சல்ல நாள் கிழமையே தெரியாது. அவங்களுக்குத் தெரிஞ்சுது." கொஞ்ச நேரம் சொல்லைத் தேடினாள். "நீங்க வெள்ளிக்கிழமை பிளேன் ஏறிடுவீங்க. நாங்க இங்கதான் இருக்கணும்."

அவள் குரலை உயர்த்தவில்லை. எனக்கு அதற்குமேல் அந்தக் காகிதத்தில் ஒரு சொல்லும் ஓடவில்லை.

புதன்கிழமை பெட்டியிலிருந்து பையை எடுத்துக்கொண்டு தனியாகக் கிளம்பினேன். மா சூவுக்கு வேலை. சைக்கிள் ரிக்‌ஷாக்காரரிடம் க்யிம்யிண்டைங் என்று எனக்குத் தெரிந்தவரை சொன்னேன். அவர் ஏதோ கேட்டார். புரியாத கேள்விக்குத் தலையாட்டுவது என் நெடுநாள் வழக்கம். அவர் சந்தைக்குப் பதில் படகுத்துறையில் இறக்கிவிட்டார். பின்னால் வந்த கூட்டம் என்னைத் தள்ளிக்கொண்டே போய்ப் படகில் ஏற்றியது. ஈரோட்டு டவுன் பஸ்ஸில் ஏறிப் பழகியவன் என்பதால் அது தவறு என்று தெரியவே நேரமானது. எதிர்க்கரைக்குப் போனேன். பக்கத்தில் த்வாண்டே ஊர் மண்பானைகளோடு ஓர் அம்மாள். என் பையைப் பார்த்துவிட்டு ஒரு ஜோடியை எடுத்து விலை கேட்டார். விற்பதற்கல்ல என்று சைகை காட்டினேன். அவர் குச்சியை முகர்ந்து பார்த்து மூக்கைச் சுளித்துத் திருப்பித் தந்தார். அது ஏன் என்று அப்போது யோசிக்கவில்லை. அடுத்த படகில் திரும்பினேன்.

டா எய் கடையில் மத்தியானக் கூட்டம். அக்கம்பக்கத்துக் கடைக்காரர்கள் சிலர் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களில் தமிழ் தெரிந்த தையல்காரர் மொழிபெயர்க்க முன்வந்தார். பையை மேசை மேல் வைத்து, "மன்னிக்க வேண்டும், இதை வைத்துக்கொள்ளுங்கள்" என்றேன்.

டா எய் பையைத் தொடவில்லை. கையைக் கட்டிக்கொண்டார்.

"நீங்க படிச்சவங்க. அகராதி எழுதுறவங்க. இவங்க எல்லாரும் கேக்கட்டும். சை யாருது? இப்பவே சொல்லுங்க."

சட்டைப் பையில் பாதி எழுதிய சான்று இருந்தது. தமிழனுடையது என்று சொன்னால் அகராதி. உங்களுடையது என்று சொன்னால் பையை வாங்கிக்கொள்வார், நாகம்மாள் இனி இந்தத் தெருவைக் கடக்கவே மாட்டார். இரண்டில் எது உண்மை என்று எனக்குத் தெரியாது. அச்சகத்தில் இருந்த அத்தனை வருடத்திலும் ஒரு சொல்லைப் பற்றித் தெரியாது என்று நான் சொன்னதே கிடையாது. தெரியாவிட்டால் தெரிந்ததுபோல் அழுத்தமாகச் சொல்வேன், யாரும் மறுத்ததில்லை. மா சூவிடம் கற்ற பர்மியச் சொற்கள் ஐந்தாறு இருக்கும். அதில் ஒன்றைத் தேடி எடுத்தேன்.

"மதீபூ" என்றேன். தெரியாது.

யாரோ களுக்கென்று சிரித்தார். பிறகு கடையே சிரித்தது. டா எய் மட்டும் முகத்தைக் கெட்டியாக வைத்துக்கொண்டு, "இதச் சொல்லவா இந்தியாலேர்ந்து வந்தீங்க?" என்று கேட்டுவிட்டுப் பையைப் பிரித்தார். உடனே மூக்கைப் பொத்திக்கொண்டு பின்வாங்கினார்.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. என் மனைவிக்கென்று நாகம்மாள் ஒரு பாட்டில் பலாச்சாங் கொடுத்திருந்தார். காய்ந்த இறாலை மிளகாய், பூண்டோடு எண்ணெயில் வறுத்தது. பெட்டியில் குச்சிகளுக்குப் பக்கத்தில் அதைத்தான் வைத்திருந்தேன். மூடி சரியில்லை. எண்ணெய் பைக்குள் இறங்கி இரண்டு நாள் ஊறியிருந்தது. மூன்று தலைமுறை கவிச்சி படாமல் காத்த குச்சிகள் அத்தனையும் இறால் வாடை அடித்தன.

டா எய் வாசலுக்குப் போய்த் தெருவைப் பார்த்துக் கத்தினார். "மா நூ! இங்க வந்து இந்தக் கொடுமையப் பாரு!"

இரண்டு நாளில் அவர்களுக்குள் நடந்த முதல் பேச்சு அது. நாகம்மாள் மிளகாயை அப்படியே போட்டுவிட்டு ஓடி வந்தார். ஒரு குச்சியை எடுத்து முகர்ந்தார். அடுத்ததையும் முகர்ந்தார்.

"அடப்பாவி மனுசா! எல்லாத்தையும் நாசம் பண்ணிட்டீங்களே! யாராச்சும் சைவக் குச்சிய எறாலோட வைப்பாங்களா?"

"யாராவது வைப்பார்களா?" என்று டா எய்யும் பர்மியத்தில் கேட்டதாகத் தையல்காரர் விடாமல் மொழிபெயர்த்தார்.

அதற்குப் பிறகு கால்மணி நேரம் இரண்டு பேரும் இரண்டு மொழிகளில் என்னைத் திட்டினார்கள். ஒருவர் மூச்சு வாங்கினால் மற்றவர் தொடர்ந்தார். அப்படியொரு ஒற்றுமையை ஐயாவின் மன்றத்தில்கூட நான் கண்டதில்லை. கடைசியில் தீர்ப்பு சொன்னார்கள். வெள்ளிக்கிழமைக்குள் புதுக் குச்சி வேண்டும். வாங்கி வருவதும் எழுதுவதும் என் பொறுப்பு.

அன்று மாலை ஐயாவைக் கூப்பிட்டேன். நடந்ததைச் சொன்னேன். சான்று தர முடியாது, எனக்குத் தெரியவில்லை என்றேன்.

"தெரியாதுன்னா எப்படீங்க? தெரிஞ்சுக்கத்தானுங்களே அனுப்பினது?"

"தெரிந்துகொண்டதே அதுதான் ஐயா."

"சரீங்க சுந்தரம். மிசின்ல வேற கொஞ்சம் ரிப்பேர்ங்க. அகராதிய அப்புறம் பாக்கலாமுங்க" என்று வைத்துவிட்டார். கடுமையாக ஒரு சொல் பேசவில்லை. பேசியிருந்தால் தேவலை. பதினெட்டு வருடம் அந்த ஒரு வரியில் போனது. டீக்கடையில் போய் உட்கார்ந்தேன். இங்கே ஆண்கள் முத்தம் கொடுப்பதுபோல் உதட்டால் சத்தம் எழுப்பித்தான் பரிமாறுபவரைக் கூப்பிடுகிறார்கள். எனக்கு அன்று அதற்கும் தெம்பில்லை. நானாகக் கூப்பிடாமலேயே யாரோ ஒரு டீ கொண்டு வந்து வைத்தார். குடித்தேன்.

வியாழக்கிழமை முழுக்க டா எய்யின் அடுப்படியில். நாற்பது ஜோடி என்றால் எண்பது குச்சி, எண்பது சை. கம்பியைக் காய்ச்சி மூங்கிலில் வைத்தால் புகை கண்ணில் ஏறுகிறது. சையில் எத்தனை வளைவு என்பது அதை எழுத்தாணியால் அல்ல, சூட்டுக்கோலால் எழுதும்போதுதான் தெரிகிறது. விரல் இரண்டு முறை சுட்டது. நாகம்மாளின் சின்ன தாத்தா ஏன் ஓரெழுத்தோடு விட்டார் என்பதற்கு இதைவிட ஆதாரம் வேண்டியதில்லை. ஆனால் அதை நான் அங்கே வாய்விட்டுச் சொல்லவில்லை.

டா எய் ஒரு பழைய குச்சியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகச் சரிபார்த்தார். அவருக்குத் தமிழ் ஓரெழுத்தும் தெரியாது. ஏழு குச்சிகளைத் திருப்பித் தந்தார். முதல் சுழி சரியில்லையாம். எடுத்துப் பார்த்தேன். உண்மையாகவே சரியில்லை.

மிளகாய்க் கடையிலிருந்து நாகம்மாள் அவ்வப்போது எட்டிப் பார்த்து, "எங்க ஆளுங்கதான் எழுதுனாங்க, இப்பவும் எழுதுறது எங்க ஆளுதான்" என்று குரல் கொடுத்தார். "எழுத வைக்கிறது நான்" என்று உள்ளேயிருந்து பதில் போனது. தகராறு பழையபடி நல்ல நிலைமைக்குத் திரும்பிவிட்டது.

வெள்ளிக்கிழமை எனக்குப் பிற்பகல் விமானம். பெட்டியோடு வந்து நாகம்மாளும் மா சூவும் நானும் டா எய் கடையில் முக்காலி போட்டு உட்கார்ந்தோம். தனிச் சட்டி கொதித்தது. பதினோரு மணிக்கு அந்தக் கிடங்குக் கணக்கர் வந்தார். பின்னாலேயே பள்ளிப் பெண்கள் இருவரும், தையல்காரரும், நான் பார்த்திராத இன்னும் சிலரும். என் கைவேலையை யாராவது கவனிப்பார்கள் என்று காத்திருந்தேன். கணக்கர் டப்பாவுக்குள் கைவிட்டு ஒரு ஜோடியை உருவினார். புகை வாடை இன்னும் போகாத குச்சியைக் காகிதத்தால் துடைத்தார். எழுத்து இருந்த பக்கம் அவர் விரலுக்கடியில் போய்விட்டது. கிண்ணத்தைக் கிட்டே இழுத்துக்கொண்டு, மிளகாய்த் தூள் இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று டா எய்யிடம் கேட்டார்.